இணையப் பெட்டி வாங்கும் முன் உங்கள் வீட்டுச் சன்னலில் அளவெடுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை மாலை, எங்கள் தோட்டத்து லயத்தின், அதாவது வரிசை வீடுகளின், கடைசி வீட்டுப் பாட்டி ஒரு நெகிழிப் பையைப் பிடித்தபடி என் வாசலில் வந்து நின்றார். நான் தையல்காரி. ரவிக்கைத் துணி கொண்டுவந்திருக்கிறார் என்றுதான் நினைத்தேன். பைக்குள் இருந்தவை உள்ளங்கை அகலத்தில் ஒரு வெள்ளை இணையப் பெட்டி, அதற்குரிய சார்ஜர் கம்பி, நான்காக மடித்த ஒரு தாள்.

“ஏம்மா, பேரன் போனில் கோடு எல்லாம் நிறைந்துதான் தெரிகிறது. பிறகு ஏன் அவனுக்குப் பாடம் வராமல் சுற்றிக்கொண்டே இருக்கிறது?” என்று கேட்டார்.

தாளைப் பிரித்துப் படித்தேன். 24 மாத ஒப்பந்தம். மாதம் 68 மலேசிய வெள்ளி. இடையில் நிறுத்தினால் மீதி மாதங்களுக்குத் தண்டம். கையொப்பம் இடவேண்டிய இடத்தில் பாட்டியின் பெயர் நடுங்கிய எழுத்தில் இருந்தது. காலையில் வடையும் தோசையும் சுட்டு, ஆலைக்குப் போகிறவர்களிடம் விற்றுக் காசு சேர்ப்பவர் அவர். பேரன் இந்த ஆண்டு எஸ்.பி.எம். என்ற பள்ளி இறுதித் தேர்வு எழுதுகிறான்.

கோயில் திருவிழாவின்போது கூடாரம் போட்டு விற்றவர்களிடம் வாங்கிய பெட்டி அது. எங்கள் லயத்தில் மட்டும் மூன்று வீட்டார் அதே கூடாரத்தில் வாங்கியிருக்கிறார்கள். மூன்று வீட்டிலும் ஒரே குறை. பெட்டியில் பழுது ஒன்றும் இல்லை. பழுதென்றால் மாற்றித் தந்துவிடுவார்கள், அதோடு முடிந்துபோகும். இங்கே நடந்திருப்பது வேறு. அதைத் தோட்டப்புறத்து மக்கள் வாங்குவதற்கு முன்பே அறிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகவே இந்தக் கடிதம். சற்று நீளமாகத்தான் எழுதப் போகிறேன். பொறுத்துக்கொண்டு வெளியிட வேண்டுகிறேன்.

நாங்கள் இருப்பது சுங்கை சிப்புட் பட்டணத்திலிருந்து லிந்தாங் போகும் சாலையில், உள்ளே தள்ளி. முன்பு பால்மரம் இருந்த இடம் இப்போது முழுக்கச் செம்பனை. பட்டணத்துத் தாமான் குடியிருப்புகளில் வீட்டு வாசல்வரை கண்ணாடி இழைக் கம்பி வந்துவிட்டது. எங்கள் லயத்துக்கு வரவில்லை. ஆகவே எங்களுக்கு இணையம் என்றால் அது காற்றில் வருவதுதான். கையடக்க இணையப் பெட்டி விற்பவர்களுக்கு இது நன்றாகத் தெரியும். அதனால்தான் எங்களைத் தேடி வருகிறார்கள்.

பாட்டிக்குச் சொன்ன பதிலை முதலில் எழுதிவிடுகிறேன். அந்தப் பெட்டி இரண்டு பக்கம் பேசுகிறது. ஒரு பக்கம், தூரத்தில் நிற்கும் தொலைத்தொடர்புக் கோபுரத்தோடு பேசுகிறது. மறுபக்கம், வீட்டுக்குள் இருக்கும் போனோடும் மடிக்கணினியோடும் வைஃபை வழியாகப் பேசுகிறது. பேரனுடைய போனில் நிறைந்து தெரியும் கோடுகள், போனுக்கும் பெட்டிக்கும் இடையே உள்ள வைஃபையைக் காட்டுகின்றன. பெட்டி மூன்றடி தூரத்தில் இருந்தால் அவை நிறைந்துதான் இருக்கும். பெட்டிக்கும் கோபுரத்துக்கும் இடையே என்ன நிலைமை என்பதைப் பெட்டியின் முகப்பில் உள்ள விளக்கில்தான் பார்க்க வேண்டும். பாட்டியின் பெட்டியில் அந்த விளக்கு சிவப்பாக எரிந்துகொண்டிருந்தது. குழாய் எவ்வளவு பெரிதாக இருந்து என்ன, தொட்டியில் தண்ணீர் இல்லை. பெட்டி இணையத்தை உண்டாக்குவதில்லை. உங்கள் வீட்டுச் சுவர்வரை வந்து சேர்வதை வாங்கி வீட்டாருக்குப் பங்கிடுகிறது, அவ்வளவுதான்.

இதெல்லாம் எனக்கு யாரும் உட்காரவைத்துச் சொல்லிக்கொடுக்கவில்லை. பணம் கொடுத்துத்தான் கற்றுக்கொண்டேன். 2020 மார்ச் 18 அன்று கொரோனாவுக்காக நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்தபோது, எங்கள் வீட்டில் இணையம் உள்ள போன் ஒன்றே ஒன்று, அது என்னுடையது. மகனுக்கும் மகளுக்கும் அதிலிருந்துதான் ஹாட்ஸ்பாட் போட்டுக் கொடுத்தேன். வாடிக்கையாளர் யாராவது அழைத்தால் பிள்ளைகளின் வகுப்பு அறுந்துவிடும். ஏன் என்று பிறகுதான் தெரிந்தது. 4ஜி வழியே குரல் பேசும் வசதி போனிலோ திட்டத்திலோ இல்லாவிட்டால், அழைப்பு வரும்போது போன் பழைய அலைக்கு இறங்கிவிடும். பேசி முடித்து மீண்டும் ஏறும்வரை இணையம் நிற்கும் அல்லது ஊர்ந்து போகும். போனும் அடுப்புக் கல்லைப் போலச் சுடும். அந்த ஆண்டு சபா மாநிலத்தில் ஒரு மாணவி தேர்வெழுத மரத்தின்மேல் ஏறி உட்கார்ந்த செய்தியை நாடே பார்த்தது. எங்கள் தோட்டத்தில் மரம் ஏறவில்லை. ஆனால் மாலையில் சாலையோரப் பாலத்தில் வரிசையாகப் பிள்ளைகள் போனோடு உட்கார்ந்திருந்ததை நான் பார்த்திருக்கிறேன். அங்கேதான் அலை நன்றாக வந்தது.

அதே போனில் இன்னொன்றும் நடந்தது. “வரம்பில்லா இணையம்” என்று பெரிய எழுத்தில் போட்டிருந்த திட்டம். தீபாவளிக்கு முந்திய வாரம், ரவிக்கை மாதிரிப் படங்கள் புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) வந்து குவிகிற நேரம். மகளின் மடிக்கணினிக்குத் திடீரென்று இணையம் நின்றுவிட்டது. என் போனில் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. இருவரும் போனை அணைத்து, திறந்து, மறுபடி அணைத்து, அரை நாளைக் கழித்தோம். கடைசியில் பட்டணத்துக் கைப்பேசிக் கடைத் தம்பி ஒரு வரியைக் காட்டினார். போனில் வரம்பில்லை, உண்மைதான். ஆனால் ஹாட்ஸ்பாட்டாகப் பகிர்வதற்குத் தனியாக ஒரு சிறிய அளவு. அது தீர்ந்துவிட்டது. அந்த வரி விளம்பரத்தின் அடியில், பொடி எழுத்தில் இருந்தது. நான் ஊசியில் நூல் கோக்கிறவள், எனக்குக் கண் நன்றாகத்தான் தெரியும். எனக்கே அது கண்ணில் படவில்லை.

சில திட்டங்கள் அந்தச் சிம் அட்டையை இணையப் பெட்டியில் போடுவதையே அனுமதிப்பதில்லை. போனுக்கு என்று விற்ற சிம் போனில் மட்டும்தான். ஆகவே சிம் வாங்கும்போது மூன்று கேள்விகளை வாய்விட்டுக் கேளுங்கள். இதை மோடத்தில், அதாவது இணையப் பெட்டியில், போடலாமா? பகிர்வதற்கு எத்தனை ஜிபி? அது தீர்ந்தபின் வேகம் குறையுமா, அடியோடு நிற்குமா? பதிலைப் புலனத்தில் எழுதி அனுப்பச் சொல்லுங்கள். வாயால் சொல்வது பிறகு நிற்காது.

2022ஆம் ஆண்டு இரவுச் சந்தையில் 60 வெள்ளிக்கு ஒரு பழைய பெட்டி வாங்கினேன். அழகாக இருந்தது, விளக்கு எரிந்தது, வைஃபை பெயரும் போனில் வந்தது. இணையம் மட்டும் வரவில்லை. காரணம் எளிது. அது 3ஜி பெட்டி. நம் மலேசியாவில் 3ஜி சேவையை 2021 இறுதியோடு நிறுத்திவிட்டார்கள். அந்த அலையில் இருந்த இடத்தை 4ஜிக்குக் கொடுத்துவிட்டார்கள். பேச்சுக்கு 2ஜியை விட்டுவைத்தார்கள், இணையத்துக்கு இனி 4ஜியும் 5ஜியும்தான். இன்னும் சில கடைகளின் கண்ணாடிப் பெட்டிகளில் அந்தப் பழைய பொருள்கள் கிடக்கின்றன. பெட்டியின் பின்புறத்தில் 4ஜி அல்லது எல்.டி.இ. என்று அச்சிடாத எதையும் பத்து வெள்ளிக்குக் கொடுத்தாலும் வாங்காதீர்கள்.

அதன்பிறகுதான் எனக்கு ஒரு எண்ணம் தோன்றியது. வாடிக்கையாளர் முன்னால் நிற்க, நாடாவைப் போட்டு அளவெடுக்காமல் நான் ஒரு துணியிலும் கத்தரி வைத்ததில்லை. இருபது ஆண்டுப் பழக்கம் உள்ளவர்களுக்கும் புதிதாக அளவெடுப்பேன், உடம்பு மாறும் என்று. அப்படியிருக்க, 200 வெள்ளிக்கு மேல் கொடுத்து வாங்கும் ஒரு பெட்டியை மட்டும் ஏன் அளவெடுக்காமல் வாங்க வேண்டும்?

அளவெடுப்பது சுலபம். ஆண்ட்ராய்டு போனில் அமைப்புக்குள் போய், ‘கைப்பேசியைப் பற்றி’ என்ற பகுதியைத் திறந்து, சிம் நிலையைத் தேடினால் அலையின் வலிமை ஓர் எண்ணாக இருக்கும். முன்னால் கழித்தல் குறி இருக்கும், அந்தக் குறியை விட்டுவிட்டுப் பார்த்தால் எண் சிறிதாகச் சிறிதாக நல்லது. -90 என்றால் நன்று. -100 பக்கத்தில் இருந்தால் பாடம் படிக்கலாம். -110ஐத் தாண்டினால் தள்ளாட்டம். -120 வந்தால் அறுந்து அறுந்துதான் வரும். போனில் தெரியும் கோடுகளை நம்பாதீர்கள். ஒவ்வொரு நிறுவனத்துப் போனும் ஒவ்வொரு கணக்கில் கோடு போடுகிறது. எண்தான் உண்மை சொல்லும். பார்க்கும்போது போன் 4ஜியில் இருக்க வேண்டும், வைஃபையை அணைத்துவிடுங்கள்.

மூன்று நிறுவனங்களின் மலிவான முன்கட்டணச் சிம்களை வாங்கினேன். ஒவ்வொன்றும் சில வெள்ளிதான். ஒன்றோடு ஒன்று மாறிவிடாமல் இருக்க மூன்று சிறு உறைகளில் போட்டு, கறுப்பு நூல், வெள்ளை நூல், ஊதா நூல் என்று கட்டி, பித்தான் டப்பாவில் வைத்தேன். ரவிக்கை அளவு நோட்டின் கடைசிப் பக்கங்களில் கோடு போட்டு, சமையலறை, நடு அறை, முன் சன்னல், பின்கட்டு என்று எழுதிக்கொண்டேன். காலை ஏழு மணி, மாலை ஐந்து மணி, இரவு ஒன்பது மணி. மூன்று நாள்.

பட்டணத்தில் கறுப்பு நூல்தான் ராஜா. கடைத்தெருவில் நின்று பார்த்தால் 40 மெகாபிட் வேகம் காட்டியது. எங்கள் வீட்டிலோ அதே சிம் சமையலறையில் -121, முன் சன்னலில் -109. ஊதா நூல் சமையலறையில் சேவையே இல்லை என்றது. வெள்ளை நூல் சமையலறையில் -108, முன் சன்னலில் -96. பட்டணத்தில் மூன்றாவதாக வந்தது எங்கள் வீட்டில் முதலாவதாக வந்தது. காலையில் 18 மெகாபிட், மாலையில் 11, இரவு ஒன்பது மணிக்கு 4. இரவில் குறைவதற்குக் காரணம், எல்லாரும் ஒரே கோபுரத்தைப் பங்குபோடுவது. பெட்டி கெட்டுவிட்டது என்று நினைக்க வேண்டாம். மகளின் வகுப்புக்கு 3 மெகாபிட் போதும் என்பதால் அந்த 4 எனக்கு நிம்மதி தந்தது.

பட்டணத்துக்கும் லயத்துக்கும் இந்த வித்தியாசம் ஏன்? கோபுரம் எந்தப் பக்கம் இருக்கிறது என்பது ஒன்று. அலையின் வகை இன்னொன்று. நம் நாட்டு 4ஜி ஒரே அலையில் வருவதில்லை. 900, 1800, 2100, 2300, 2600 மெகாஹெர்ட்ஸ் என்று பல. கடைக்காரர்கள் இதைப் பேண்ட் என்பார்கள். 900 என்பது பேண்ட் 8, 1800 என்பது பேண்ட் 3, 2100 என்பது பேண்ட் 1, 2600 என்பது பேண்ட் 7. எண் குறைந்த அலை தூரம் போகும், சுவரையும் மரத்தையும் ஓரளவு துளைத்துக்கொண்டு வரும். எண் கூடிய அலையில் வேகம் கிடைக்கும், ஆனால் தூரத்திலும் தடையிலும் சோர்ந்துவிடும். பட்டணத்தில் கோபுரத்தடியில் நின்று காட்டும் வேகம் பெரும்பாலும் இந்தக் கூடிய அலையின் வேகம். லயத்துக்கும் சாலைக்கும் நடுவே முப்பது அடி உயரச் செம்பனை வரிசை வரிசையாக நிற்கிறது. மழை பெய்து மட்டையெல்லாம் நனைந்திருக்கும்போது அலை இன்னும் இறங்குவதை நோட்டில் எழுதியே வைத்திருக்கிறேன்.

ஆகையால் தோட்டத்தில் இருப்பவர்கள் பெட்டியின் அட்டையில் பேண்ட் 8 இருக்கிறதா என்று கட்டாயம் பார்க்க வேண்டும். 3, 7, 1 இருந்தும் 8 இல்லாத பெட்டி பட்டணத்துக்குச் சரி, நமக்குச் சரியில்லை. வெளிநாட்டிலிருந்து உறவினர் கொண்டுவந்து கொடுக்கும் பெட்டிகளிலும் கவனம் வேண்டும். அமெரிக்கச் சந்தைக்குச் செய்த பெட்டிகள் பலவற்றில் நம் நாட்டு அலைகள் இருக்காது. சில பெட்டிகளை அந்நாட்டு நிறுவனம் பூட்டியும் வைத்திருக்கும். இங்கே வாங்குவதானால் தரநிர்ணய நிறுவனமான சிரிமின் சான்று வில்லை ஒட்டியிருக்கிறதா என்று பாருங்கள். எந்த நிறுவனத்துச் சிம்மையும் ஏற்கும் திறந்த பெட்டியா என்றும் கேளுங்கள். பாட்டியின் பெட்டி பூட்டிய பெட்டி. அதனால்தான் சிம்மை மாற்றிக்கூட அவருக்கு உதவ முடியவில்லை.

5ஜி பெட்டிக்கு இரண்டு மூன்று மடங்கு விலை சொல்கிறார்கள். 5ஜி சேவை 2021 டிசம்பரில் தொடங்கியது, பல பட்டணங்களில் நன்றாகவே கிடைக்கிறது. உங்கள் வீட்டுச் சன்னலில் 5ஜி போன் ஒன்றை ஒரு நாள் வைத்துப் பாருங்கள். அதில் 5ஜி என்று நிலையாகத் தெரியாவிட்டால் அந்தப் பணத்தை வீணாக்க வேண்டாம். எங்கள் லயத்தில் தெரியவில்லை.

இன்னொன்றையும் மனம்விட்டுச் சொல்கிறேன். வீட்டைவிட்டு வெளியே எடுத்துப்போகாதவர்களுக்குப் பேட்டரி வைத்த கையடக்கப் பெட்டியே தேவையில்லை. மின்சாரத்தில் செருகும், சிம் போடும் ரவுட்டர் நல்லது. அதன் ஆண்டெனா பெரிது, அலையை நன்றாகப் பிடிக்கும், நாள் முழுதும் ஓடினாலும் பேட்டரி ஊதும் பயமில்லை. நான் கையடக்கப் பெட்டி வாங்கியதற்கு இரண்டு காரணங்கள். என் மகள் பாலர்பள்ளியில் வேலை செய்துகொண்டே பகுதிநேரமாகப் பட்டப்படிப்புப் படிக்கிறாள். வேலை நாளில் பெட்டியைக் கையோடு கொண்டுபோகிறாள். அடுத்தது, இடியும் மழையும் வந்தால் எங்கள் லயத்தில் மின்சாரம் போய்விடும். வகுப்பு நடுவில் இருட்டானாலும் பெட்டியும் மடிக்கணினியும் ஐந்தாறு மணி நேரம் தாங்குகின்றன. எல்லார் வீட்டிலும் இந்தத் தேவை இருக்காது.

பெட்டியை எங்கே வைப்பது என்பதில்தான் எங்கள் மக்கள் அதிகம் தவறுகிறார்கள். சாமிப் படத்துக்குப் பக்கத்தில், தொலைக்காட்சிக்குப் பின்னால், அலமாரிக்குள் பூட்டி என்று பல வீடுகளில் பார்த்துவிட்டேன். எங்கள் கூரை தகரம், சன்னலுக்கு இரும்புக் கம்பி. தகரம் அலையைத் தடுக்கும். நான் முன் சன்னலின் மேல்சட்டத்தில் ஓர் ஆணி அடித்து, பூ வாங்கி வரும் சிறு பிரம்புக் கூடையைத் தொங்கவிட்டு, அதற்குள் பெட்டியை நிறுத்தி வைக்கிறேன். படுக்கவைத்ததற்கும் நிறுத்தியதற்கும்கூட எண்ணில் மூன்று நான்கு வித்தியாசம் வந்தது. கூடையைச் சாலைப் பக்கமாக ஒரு கைப்பிடி நகர்த்தினால் -99இல் இருந்து -96. பிரம்புக் கூடையில் காற்றுப் போகும், அதுதான் முக்கியம்.

வெயில் நேராகப் படும் இடத்தில் வைக்காதீர்கள். பெரும்பாலான கையேடுகளில் 35 டிகிரி வரைதான் என்று போட்டிருக்கிறது. நண்பகலில் நம் சன்னலோரம் அதைவிடச் சுடும். சூடேறினால் பெட்டி தானாகவே வேகத்தைக் குறைக்கும், மின்னேற்றத்தை நிறுத்தும். நாள் முழுதும் சார்ஜரில் செருகியே வைத்திருந்தால் ஒரு நாள் பின்மூடி சற்றே தூக்கிக்கொண்டு நிற்கும். அடுத்த லயத்தில் ஒரு வீட்டில் அப்படித்தான் பேட்டரி அப்பளம் போல உப்பிவிட்டது. அந்த அக்கா அதைக் குப்பையோடு சேர்த்துக் கொளுத்தப் போனார். கையைப் பிடித்துத் தடுத்தேன். உப்பிய பேட்டரியைக் குத்தக் கூடாது, அழுத்தக் கூடாது, தீயில் போடவே கூடாது, வெடித்துத் தீப்பிடிக்கும். தோட்டத்தில் குப்பையைக் கொளுத்துகிற வழக்கம் இருப்பதால் இதைக் கொட்டை எழுத்தில் போடுங்கள் என்று ஆசிரியரைக் கேட்டுக்கொள்கிறேன். மின்கழிவு எடுக்கும் இடத்தில்தான் அதைக் கொடுக்க வேண்டும். பேட்டரியைத் தனியாகக் கழற்றக்கூடிய பெட்டியாக வாங்கினால், வீட்டில் வைத்திருக்கும்போது பேட்டரி இல்லாமலே சில பெட்டிகள் ஓடும். கடையிலேயே கழற்றிச் செருகிப் பார்த்துவிடுங்கள்.

கணக்கு பார்க்கப் பழகுங்கள். பெட்டியின் அடிப்பக்கம் ஒட்டியிருக்கும் தாளில் 192.168.8.1 அல்லது 192.168.0.1 போன்ற ஓர் எண் இருக்கும். பெட்டியின் வைஃபையில் இணைந்த போனில் அந்த எண்ணைத் தட்டினால் உள்ளே போகலாம். எவ்வளவு செலவானது, யார் யார் இணைந்திருக்கிறார்கள் என்பதெல்லாம் அங்கே இருக்கும். புதுச் சிம் போட்டு இணையம் வராவிட்டால் நிறுவனம் சொல்லும் ஏ.பி.என். (இணைய நுழைவாயில்) பெயரையும் அங்கேதான் எழுத வேண்டும். என் மகளின் இரண்டு மணி நேர வகுப்பு ஏறக்குறைய 1.3 ஜிபி எடுக்கிறது. ஒரு மாதம் திடீரென்று ஒரே இரவில் 6 ஜிபி போய்விட்டது. திருடன் யாரும் இல்லை, மடிக்கணினி தானே புதுப்பித்துக்கொண்டது. விண்டோஸில் அந்த வைஃபையை ‘அளவிடப்பட்ட இணைப்பு’ என்று குறித்துவைத்த பிறகு அந்தத் தொல்லை நின்றது.

அந்தத் தாளில் அச்சிட்ட கடவுச்சொல்லை முதல் நாளே மாற்றுங்கள். வைஃபைக்கு ஒன்று, பெட்டிக்குள் போவதற்கு ஒன்று, இரண்டையும் மாற்ற வேண்டும். லயத்தில் சுவருக்குச் சுவர் வீடு. பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கு நாமே கொடுப்பது வேறு, கேட்காமல் போவது வேறு.

இனி, விற்கிறவர்களிடமும் மேலிடத்திடமும் கேட்க வேண்டியதைக் கேட்டுவிடுகிறேன்.

இணையத்தை நாடெங்கும் விரிவாக்கும் ஜெண்டெலா திட்டத்தை அரசு அறிவித்தபோது, மக்கள் வாழும் இடங்களில் 96.9 விழுக்காடு 4ஜி சென்றடையும், சராசரி வேகம் 35 மெகாபிட் ஆகும் என்று இலக்கு வைத்தார்கள். நல்ல இலக்கு, கோபுரங்கள் கூடியதையும் கண்ணால் பார்க்கிறோம். ஆனால் வரைபடத்தில் எங்கள் தோட்டத்துக்கு நிறம் தீட்டியிருப்பதைக் காட்டித்தான் கூடாரத்தில் விற்றார்கள். வரைபடம் சாலையைச் சொல்கிறது. தகரக் கூரைக்கு அடியில் -121 என்று காட்டும் சமையலறையை அது சொல்வதில்லை. 24 மாத ஒப்பந்தத்தில் ஒரு குடும்பத்தைக் கட்டுவதற்கு முன், அந்தக் குடும்பத்தின் வீட்டிலேயே ஏழு நாள் வைத்துப் பார்த்துவிட்டு, சரிவராவிட்டால் தண்டமில்லாமல் திருப்பித் தரும் உரிமை வேண்டும். புடவை எடுத்தால்கூடக் கடையில் விரித்துப் பார்க்க விடுகிறார்கள். பகிர்வுக்கான அளவையும் ‘வரம்பில்லா’ என்ற சொல்லுக்குப் பக்கத்திலேயே, அதே அளவு எழுத்தில் அச்சிட வேண்டும். மலேசியத் தொடர்பு பல்லூடக ஆணையம் இதை விதியாகவே செய்யலாம்.

கோயில் நிர்வாகத்தாருக்கும் பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்கங்களுக்கும் என் வேண்டுகோள் ஒன்று உண்டு. கூடாரம் போட இடம் கொடுப்பதற்கு முன், “எங்கள் லயத்துக்கு வந்து அளவெடுத்துக் காட்டுங்கள்” என்று ஒரு வார்த்தை கேளுங்கள். கோயில் வளாகத்தில் விற்றதால்தான் பாட்டி நம்பி வாங்கினார்.

பாட்டி வீட்டுக்கு மறுநாளே போனேன். அவருடைய வீடு தாழ்வில், தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால். கூடாரத்தில் கொடுத்த சிம் கறுப்பு நூல் நிறுவனத்தினுடையது. அவர் வீட்டில் எந்தச் சன்னலிலும் -117ஐவிட நன்றாக வரவில்லை. என் திறந்த பெட்டியில் வெள்ளை நூல் சிம்மைப் போட்டு அவருடைய பின்கட்டுச் சன்னலில் வைத்தேன், -101. பேரன் ஒரு கணிதப் பாடக் காணொளியைத் தடையில்லாமல் முழுதும் பார்த்தான். பாட்டி பெட்டியைப் பார்க்கவில்லை, அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நிறுவனத்தின் சேவை எண்ணை அழைத்து, அந்த அளவுகளை எல்லாம் தேதியோடும் நேரத்தோடும் படித்துக்காட்டி, ஒப்பந்தத்தைத் தண்டமில்லாமல் ரத்து செய்யக் கேட்டோம். புகார் எண் கொடுத்தார்கள். ஆணையத்துக்குப் போவதானால் முதலில் நிறுவனத்திடம் புகார் செய்த எண் கையில் இருக்க வேண்டும், இதையும் வாசகர்கள் குறித்துக்கொள்ளுங்கள். மற்ற இரண்டு வீட்டாருக்கும் அதே மாதிரி எழுதிக் கொடுத்திருக்கிறேன். இன்றோடு 19 நாள். பதில் இல்லை. அடுத்த திங்கட்கிழமைவரை பார்த்துவிட்டு ஆணையத்துக்கு எழுதப் போகிறோம்.

புகார் எண் என் அளவு நோட்டில், பாட்டியின் ரவிக்கை அளவுக்குக் கீழே இருக்கிறது. பேரன் தினமும் இரவு ஏழரை மணிக்கு எங்கள் வீட்டுக்கு வந்துவிடுகிறான். அவன் வந்ததும் தையல் இயந்திரத்தை நிறுத்திவிட்டு, துணி வெட்டும் மேசையில் பாதியை அவனுக்கு ஒழித்துக் கொடுக்கிறேன்.

இங்ஙனம்,
தோட்டத்துத் தையல்காரி,
லிந்தாங் சாலை, சுங்கை சிப்புட், பேரா.